நினைவைத் தின்னும் பூதம் நம்ம ஊர்ல இருக்கா?

இந்த எபிசோடு ஒரு லிசனர் அனுப்பின கேள்வியில இருந்து பிறந்தது. அவர் ஒரு ஃபேண்டஸி நாவல் எழுதிக்கிட்டிருக்கார். அவரோட கற்பனை உலகத்துல மனுஷங்களோட நினைவுகளைத் தின்னு உயிர்வாழற ஒரு ஜந்து வருது. "தமிழ் மரபுல இந்த மாதிரி ஏதாவது இருக்கா? வெளிநாட்டுப் பூதத்துக்கு வேட்டி கட்டிவிட எனக்கு இஷ்டமில்லை"ன்னு கேட்டிருந்தார்.

வெளிநாட்டுல நிறைய இருக்கு. ஜப்பான்ல 'பாகு'ன்னு ஒரு விலங்கு. யானைத் தும்பிக்கையும் புலிக்காலும் வச்ச உருவம். ராத்திரி வந்து கெட்ட கனவைத் தின்னுட்டுப் போயிடும்னு நம்பிக்கை. கிரேக்கப் புராணத்துல லீத்தின்னு ஒரு ஆறு. செத்தவங்க அந்தத் தண்ணியைக் குடிச்சா வாழ்ந்த வாழ்க்கையே மறந்துபோகும். கசுவோ இஷிகுரோ 2015ல வெளியிட்ட 'தி பரீட் ஜயன்ட்' நாவல்ல ஒரு பெண் டிராகனோட மூச்சு மூடுபனியா பரவி, நாடே பழசை மறந்து கிடக்கும்.

நம்மகிட்டயும் ஒண்ணு இருக்கு. தும்பிக்கை இல்ல, சிறகு இல்ல. அரிசி அளவு உடம்பு. வேலை பார்க்கிறதுக்குப் பெரும்பாலும் கண்ணே கிடையாது. வெளிச்சம் ஆகாது, ஆள் நடமாட்டம் ஆகாது. மூடிக் கிடக்கிற இடத்துக்குக் கூட்டமா வரும். அதோட பழைய பேரு செல். இன்னைக்கு நாம கரையான்னு சொல்றோம். 'செல்லரிச்சுப் போச்சு'ன்னு சொல்றோம்ல, அதுல வர்ற செல் இதுதான். கையில இருக்கிற செல் வேற. ஆனா அதுக்கும் கடைசியில வருவோம்.

சிதம்பரத்துல ஒரு பூட்டின அறை

இந்தப் பூச்சியை வில்லனா வச்ச கதை சைவ மரபுல இருக்கு. உமாபதி சிவாச்சாரியார் எழுதினதா சொல்லப்படுற 'திருமுறைகண்ட புராணம்'ங்கிற நூல் அதைச் சொல்லுது. கதை இப்படிப் போகும்.

ராஜராஜ சோழனுக்கு அப்பர், சம்பந்தர், சுந்தரர் மூணு பேரோட தேவாரப் பாட்டுகளையும் முழுசா கேக்கணும்னு ஆசை. அங்கங்க துண்டு துண்டா பாடுறாங்களே தவிர, மொத்த ஏடும் எங்க இருக்குன்னு யாருக்கும் தெரியல. திருநாரையூர் நம்பியாண்டார் நம்பிகிட்ட போறார். சிதம்பரம் கோயில்ல ஒரு அறைக்குள்ள மூவரோட கை இலச்சினையோட ஏடுகள் இருக்குன்னு பிள்ளையார் வழியா நம்பிக்குத் தெரியவருது. ராஜா சிதம்பரம் போனா, "மூணு பேரும் நேர்ல வந்தாத்தான் கதவைத் திறப்போம்"னு தில்லைவாழ் அந்தணர்கள் சொல்றாங்க. உடனே ராஜா மூவரோட திருவுருவங்களையும் ஊர்வலமா கொண்டுவந்து நிறுத்தி, "இதோ வந்துட்டாங்க"ங்கிறார். கதவு திறக்குது.

உள்ள ஏடு தெரியல, புத்துதான் தெரியுது. எண்ணெய் ஊத்தி மண்ணைக் கரைச்சுப் பார்த்தா, பெரும்பகுதியை கரையான் தின்னு முடிச்சிருச்சு. ராஜா கலங்கி நிக்கும்போது, "இந்தக் காலத்துக்கு வேண்டியதை மட்டும் மிச்சம் வச்சிருக்கோம்"னு அசரீரி கேக்குது.

இன்னைக்கு நம்ம கையில இருக்கிற தேவாரம் எண்ணூறு பதிகத்துக்குக் கொஞ்சம் குறைவு. மரபு சொல்ற பழைய கணக்கு இதைவிடப் பல மடங்கு.

பக்தி உள்ளவங்களுக்கு அந்த அசரீரி பெரிய ஆறுதல். நான் சாப்ட்வேர் வேலை பார்க்கிறவன், எனக்கு வேற ஒண்ணு கண்ணுல படுது. பாதுகாக்கணும்னு நினைச்சுத்தான் பூட்டியிருக்காங்க. மூணு பேர் இலச்சினை போட்டு, யாரும் தொடமுடியாதபடி செஞ்சிருக்காங்க. கரையானுக்கு வேண்டிய இருட்டு, அமைதி, ஆள் வராத உறுதி எல்லாத்தையும் அந்தப் பூட்டே அமைச்சுக் குடுத்திருச்சு. நாவல் எழுதுற நண்பருக்கு என்னோட பதில் இது: உங்க ஜந்துவுக்குப் பல்லு பெருசா வேண்டாம். ஒரே ஒரு பிரதி இருக்கிற இடத்தை மோப்பம் பிடிக்கிற மூக்கு இருந்தா போதும்.

48 தொண்டைகள்

இந்தக் கதைக்குப் பக்கத்துல ஒரு கல்வெட்டை வைக்கணும். அதே ராஜராஜன் தஞ்சாவூர் பெரிய கோயில்ல திருப்பதியம் பாடுறதுக்கு 48 பேரை நியமிச்சார். கூட உடுக்கை வாசிக்க ஒருத்தர், கொட்டிமத்தளம் வாசிக்க ஒருத்தர், ஆகமொத்தம் 50. இது கல்லுல வெட்டியிருக்கு.

அந்தக் கல்வெட்டுல ஒரு நிபந்தனையும் இருக்கு. இந்த 50 பேர்ல யாராவது செத்துப்போனாலோ ஊரைவிட்டுப் போனாலோ, அவரோட நெருங்கின உறவுக்காரர் அந்த வேலையை ஏத்துக்கிட்டு நெல்லை வாங்கிக்கலாம். அவருக்குப் பாடத் தெரியலைன்னா, தெரிஞ்ச ஆளைப் பிடிச்சு நிறுத்தணும். அதாவது பாட்டு ஒருநாளும் நிக்கக் கூடாது.

நான் வேலை செய்யற இடத்துல சர்வர் ஒண்ணு விழுந்தா அடுத்தது எழுந்து நிக்கறதுக்குப் பக்கம் பக்கமா டாக்குமென்ட் எழுதுவோம். ஆயிரம் வருஷத்துக்கு முன்னால அதைக் கல்லுல, சில வரியில எழுதி முடிச்சிருக்காங்க. 48 தொண்டைன்னா 48 பிரதி. கரையான் எந்தத் தொண்டையில ஏறும்?

கோயில்ல திருப்பதியம் பாடுறதுக்கு ஏற்பாடு இருந்ததா ராஜராஜனுக்கு முன்னாடியே, பல்லவர் காலக் கல்வெட்டுலயும் குறிப்பு இருக்கு. அப்படின்னா தேவாரம் பிழைச்சதுக்கு அந்த அறையைத் திறந்தது மட்டும் காரணமா இருக்க முடியாது. வெளியில, தினமும் யாராவது பாடிக்கிட்டே இருந்திருக்காங்க.

இன்னொரு ஆச்சரியம். சம்பந்தரோட ஒரு பதிகம் எந்த ஏட்டுலயும் இல்ல. இருபதாம் நூற்றாண்டுத் தொடக்கத்துல திருவிடைவாய்ங்கிற ஊர்க் கோயில் கல்வெட்டுல அது கிடைச்சது. ஓலையில போனது கல்லுல காத்துக்கிட்டிருந்திருக்கு.

ஓலை ஏன் பாதி நினைவு?

ஓலையைப் பத்தி ஒரு தொழில்நுட்ப விஷயம். பனையோலையில எழுத்தாணியால கீறித்தான் எழுதணும். புள்ளி குத்தினா ஓலை பொத்துப்போகும், கிழியும். அதனால ஏட்டுல பெரும்பாலும் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்க மாட்டாங்க. எகரம் ஏகாரம், ஒகரம் ஓகாரம் வித்தியாசமும் தெரியாது. வார்த்தைக்கு நடுவுல இடைவெளி கிடையாது. உரை எங்க முடியுது, அடுத்த பாட்டு எங்க தொடங்குதுன்னும் பல நேரம் தெரியாது.

இஞ்சினியர் பாஷையில சொன்னா, அது லாஸி கம்ப்ரெஷன். விட்டுப்போன தகவல் எல்லாம் படிக்கிறவரோட தலைக்குள்ள இருக்கணும். வாத்தியார்கிட்ட பாடம் கேட்டவருக்குத்தான் ஏடு பேசும். சொல்லிக்குடுத்த பரம்பரை அறுந்துபோச்சுன்னா, ஓலை முழுசா இருந்தாலும் பாதி நினைவு போன மாதிரிதான்.

ஓலைக்கு எதிரி கரையான் மட்டும் இல்ல. 'இராமபாணம்'னு ஒரு பூச்சி. கட்டின சுவடியை இந்தப் பக்கம் துளைச்சு அந்தப் பக்கம் நேரா வெளிய வரும். ராமர் விட்ட அம்பு மாதிரி போறதால அந்தப் பேர்னு சொல்வாங்க. ஈரம், வெயில் எல்லாமும் சேர்ந்து தின்னும். நம்ம ஊர்ச் சூழல்ல ஓலை சில நூறு வருஷம் தாங்கும், அவ்வளவுதான். அதுக்குள்ள யாராவது உக்காந்து புது ஓலையில படி எடுக்கணும். ஒரு தலைமுறை சோம்பேறித்தனப்பட்டா, அதோட அது காலி.

அந்தப் பூதம் கடிச்ச தடத்தை இன்னைக்கும் நீங்க பார்க்கலாம். லைப்ரரியில புறநானூறு எடுத்துப் புரட்டுங்க. 266 இருக்கும், அடுத்து 269 வரும். 267, 268 ரெண்டும் இல்ல. பதிற்றுப்பத்துல முதல் பத்தும் கடைசிப் பத்தும் இல்ல. ஐங்குறுநூறுல 129, 130 இல்ல. ஐம்பெருங்காப்பியம்னு ஸ்கூல்ல மனப்பாடம் பண்ணினோமே, அதுல வளையாபதியும் குண்டலகேசியும் சில பாட்டுகளா மட்டும்தான் மிச்சம்.

1887ல கலித்தொகையை அச்சுல கொண்டுவந்த சி.வை. தாமோதரம்பிள்ளை, தொட்டாலே நொறுங்குற ஓலைகளைப் பத்திப் பதிப்புரையில நொந்து எழுதியிருக்கார். உ.வே. சாமிநாதையர் ஏடு தேடி அலைஞ்ச கதையை 'என் சரித்திர'த்துல சொல்றார். எங்க பக்கத்துல, சங்கரன்கோவிலுக்கு அருகில கரிவலம்வந்தநல்லூர்னு ஒரு ஊர். அந்தக் கோயில்ல இருந்த பழைய ஏடுகளைத் தேடிப் போறார். அதையெல்லாம் சாஸ்திரப்படி நெய்யில தோய்ச்சு நெருப்புல போட்டாச்சுன்னு பதில் வருது. மரியாதையாவே எரிச்சிருக்காங்க. அதுதான் மனசைப் பிசையுது.

அதே சாமிநாதையர் சொல்ற நல்ல கதையும் ஒண்ணு இருக்கு. குறிஞ்சிப்பாட்டுல 99 பூக்களோட பேர் வரிசையா வரும். அவர்கிட்ட இருந்த ஏடுகள்ல அந்த இடத்துல சில பேர் உதிர்ந்துபோயிருந்தது. ஊகிச்சு நிரப்ப அவருக்கு மனசில்ல. தேடித்தேடி, கடைசியில தருமபுரம் ஆதீனத்துல இருந்த ஒரு பிரதியில விடுபட்ட பூக்கள் கிடைச்சது. பத்துப்பாட்டு 1889ல அச்சாச்சு. ஒரு ஏட்டுல பூச்சி தின்ன இடத்தை இன்னொரு ஊர்ல, இன்னொருத்தர் கைப்பட எழுதின ஏடு காப்பாத்திருச்சு. ஒரே பூச்சி ரெண்டு ஊர்லயும் ஒரே இடத்தைத் தின்னாது இல்லையா?

எட்டயபுரத்துல 1904

சரி, வார்த்தையை ஓலையிலயோ கல்லுலயோ வச்சுக்கலாம். மெட்டை எதுல வைக்கிறது? சிதம்பரக் கதையிலயே இந்தப் பிரச்சினை வருது. ஏடு கிடைச்சாச்சு, ஆனா பண் தெரியல. கடைசியில திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபுல வந்த ஒரு பெண்தான் பண் வகுத்துக் குடுத்தாங்கன்னு கதை சொல்லுது. மெட்டு ஒரு குடும்பத்து ரத்தத்துல மட்டும் ஓடிக்கிட்டிருந்திருக்கு.

இங்கதான் எங்க ஊர் வருது. எட்டயபுரம்னா பாரதி பிறந்த ஊர்னு உங்களுக்குத் தெரியும். சீறாப்புராணம் எழுதின உமறுப்புலவர் அடங்கின ஊரும் அதுதான். கோவில்பட்டிக்குக் கிழக்கே, கரிசல் காட்டுக்கு நடுவுல இருக்கிற இந்த ஊர்லதான் கர்நாடக இசை மும்மூர்த்திகள்ல ஒருத்தரான முத்துசுவாமி தீட்சிதர் 1835ல காலமானார். அவரோட சமாதி இன்னமும் இருக்கு. பஸ் ஏறி வந்து பாருங்க.

அவர் இங்க வந்ததுக்குக் காரணம், தம்பி பாலுசுவாமி தீட்சிதர் எட்டயபுரம் அரண்மனையில வித்வானா இருந்தது. வயலினைக் கர்நாடக இசைக்குக் கொண்டுவந்த முன்னோடின்னு சொல்ற அதே பாலுசுவாமி. அவர் தன்னோட மகள் வயித்துப் பேரன் சுப்பராமனைத் தத்து எடுத்துக்கிட்டார். சுப்பராம தீட்சிதர், பிறப்பு 1839. பெரிய தாத்தாவோட கீர்த்தனைகள், அதுக்கு முந்தின காலத்து லட்சண கீதங்கள், வர்ணங்கள் எல்லாம் அந்த வீட்டுக்குள்ளயும் அந்த மனுஷன் தலைக்குள்ளயும் இருந்தது.

நம்ம கணக்குப்படி இதுவும் ஒரு பூட்டின அறைதான். அந்தக் காலத்துச் சங்கீதக் குடும்பங்கள் பாட்டை லேசுல வெளிய விட மாட்டாங்க. சொத்து மாதிரி. சிஷ்யன் பல வருஷம் கூட இருந்தாத்தான் கிடைக்கும்.

அந்தக் கதவைத் தட்டினவர் ஏ.எம். சின்னசுவாமி முதலியார். கிறிஸ்தவர், சென்னையில அரசாங்க உத்தியோகம், மேல்நாட்டு இசைக்குறி முறை நல்லாத் தெரிஞ்சவர். நம்ம பாட்டுகளை ஐரோப்பியக் குறியீட்டுல அச்சடிக்கணும்னு கைக்காசைப் போட்டு உழைச்சவர். சுப்பராம தீட்சிதரை எழுத வைக்கிறதுக்கு அவர் எடுத்த முயற்சியும், எட்டயபுரம் ஜமீனோட ஆதரவும் சேர்ந்துதான் அந்தக் கதவைத் திறந்தது.

1904ல எட்டயபுரம் வித்யா விலாசினி அச்சகத்துல 'சங்கீத சம்பிரதாய ப்ரதர்சினி' வெளிவந்தது. சுமார் 1700 பக்கம். தமிழ்நாட்டு ஊர், பெரும்பாலும் சம்ஸ்கிருதப் பாட்டு, தெலுங்கு எழுத்து. முத்துசுவாமி தீட்சிதரோட கீர்த்தனைகள் மட்டும் 200க்கு மேல. ஸ்வரம் எழுதினதோட நிறுத்தல. ஸ்வரம் எப்படி அசையணும், எங்க வழுக்கணும், எங்க அழுத்தணும்னு கமகத்துக்குத் தனித்தனிக் குறியீடு வச்சார். ஓலை விட்டுட்ட புள்ளியை எல்லாம் இவர் அச்சுல வச்சுட்டார்னு எனக்குத் தோணும்.

ரெண்டே வருஷம். 1906ல சுப்பராம தீட்சிதர் காலமானார். அவர் 'அடுத்த வருஷம் பார்க்கலாம்'னு தள்ளிக்கிட்டே போயிருந்தா?

அந்தப் புத்தகத்தைச் சென்னை மியூசிக் அகாடமி பிற்பாடு தமிழ்ல கொண்டுவந்தது. தீட்சிதர் பேர்ல புதுசா ஒரு பாட்டு வந்து, இது நிஜமா அவருடையதான்னு சந்தேகம் வந்தா, ஆய்வாளர்கள் முதல்ல புரட்டுறது இதைத்தான். அதே சமயம், அந்தக் கமகக் குறியை எப்படிப் பாடணும்னு இன்னைக்கும் வாதம் நடக்குது. பேப்பர் எல்லாத்தையும் காப்பாத்தல. பாடுற ஆளும் வேணும், எழுதின தாளும் வேணும்.

எடுத்துக் குடுக்கிறதும் வாங்கிப் பாடுறதும்

சங்கீதத்துக்குச் சொன்னது சாதாரணப் பேச்சுக்கும் பொருந்தும். கோவில்பட்டி பக்கம் இடைசெவல்ல பிறந்த கி. ராஜநாராயணன் செஞ்ச வேலை அது. கரிசல் வட்டாரச் சொற்களுக்குன்னே ஒரு அகராதி போட்டார், 1982ல. வாய்க்கதைகளைத் தேடித்தேடிச் சேகரிச்சார். கமலைன்னா என்னன்னு என்னோட டீம்ல கேட்டேன், ஒருத்தருக்கும் தெரியல. மாடு கட்டிக் கிணத்துத் தண்ணி இறைக்கிற ஏற்பாடு. பம்புசெட் வந்ததும் கமலை போச்சு. கமலை போனதும் அதோட ஒவ்வொரு பாகத்துக்கும் இருந்த பேரும், இறைக்கும்போது பாடின பாட்டும் சேர்ந்து போச்சு. குலுக்கைன்னு மண்ணுல செஞ்ச தானியக் குதிர் இருக்கும். அது இல்லாத வீட்டுல அந்தச் சொல்லுக்கு என்ன வேலை?

எங்க ஆச்சிக்கு 80 வயசு தாண்டியாச்சு. இப்போ என்னை எங்கப்பா பேர் சொல்லித்தான் கூப்பிடுறாங்க. சாப்பிட்டாச்சான்னு கேட்டா யோசிக்கிறாங்க. ஆனா பாட்டு மட்டும் அடி பிசகாம வருது. அல்சைமர் உள்ளவங்ககிட்டகூட இசை நினைவு மத்ததைவிட ரொம்ப நாள் தங்குறது உண்டுன்னு மருத்துவ ஆய்வுகள் சொல்லுது. இந்தப் பொங்கல் லீவுல நான் மைக்கை எடுத்துக்கிட்டுப் போயி பக்கத்துல உக்காந்தேன்.

"இதையெல்லாம் எங்க படிச்ச ஆச்சி?"

"படிச்சேனாக்கும்! களை வெட்டப் போன காட்டுல கேட்டதுய்யா. முன்னால போறவ எடுத்துக் குடுப்பா, நாங்க பின்னால வாங்கிப் பாடுவோம்."

"அவங்க யாரும் இப்போ இருக்காங்களா?"

கொஞ்ச நேரம் எதுவும் சொல்லல. அப்புறம், "நீ வாங்கிக்கோ"ன்னாங்க.

எடுத்துக் குடுக்கிறது, வாங்கிப் பாடுறது. நான் இந்த எபிசோடு முழுக்கச் சொல்ல முயற்சி பண்றதை ஆச்சி ரெண்டு சொல்லுல முடிச்சுட்டாங்க. தஞ்சாவூர்க் கல்வெட்டும் இதைத்தான் சொல்லுது. மறுநாள் நான் அவங்களுக்கு முன்னால ஒரு பாட்டைத் திருப்பிப் பாடினேன். ரெண்டாவது அடியிலயே நிறுத்தித் திருத்தினாங்க. ரெக்கார்டிங் என்னைத் திருத்தாது. ஆச்சி திருத்துவாங்க.

இதுல இன்னொரு சூட்சுமம் இருக்கு. நம்ம மூளையே இப்படித்தான் வேலை செய்யுதுன்னு தெரியுது. 2000ல கரீம் நாதர், கிளென் ஷாஃபே, ஜோசஃப் லெடூ மூணு பேரும் எலிகளை வச்சு 'நேச்சர்' இதழ்ல ஒரு ஆய்வு வெளியிட்டாங்க. ஒரு சத்தத்தைக் கேட்டா ஷாக் அடிக்கும்னு எலிக்குப் பழக்கப்படுத்துறாங்க. அப்புறம் அதே சத்தத்தைப் போட்டு அந்த நினைவைத் தட்டி எழுப்பினதும், மூளையில புரதம் உருவாகுறதைத் தடுக்கிற மருந்தைச் செலுத்துறாங்க. அதுக்கப்புறம் எலிக்குப் பழைய பயம் பெருமளவு போயிடுது. நினைவைத் தட்டி எழுப்பாம வெறும் மருந்து மட்டும் குடுத்தா அப்படி ஆகல. அதாவது ஒரு நினைவை வெளிய எடுக்கும்போது அது மறுபடி இளகுது, திரும்பவும் எழுதி வைக்க வேண்டியிருக்கு. மூளையும் ஓலை மாதிரிதான் போல. படி எடுத்துக்கிட்டே இருந்தாத்தான் நிக்கும். படி எடுக்கும்போது கொஞ்சம் மாறவும் செய்யும். அதனாலதான் ஒப்பிட்டுப் பார்க்க இன்னொருத்தர் வேணும்.

செல்லுக்குள்ள செல்

"இப்போ எல்லாம் க்ளவுட்ல இருக்கே ப்ரோ"ன்னு நீங்க சொல்றது கேக்குது. க்ளவுட்ல கரையான் ஏறாது. ஆனா வேற ஜந்து இருக்கு.

2000களின் தொடக்கத்துல டி.டி.பி. சென்டர்கள்ல பாமினி மாதிரி ஃபான்ட்ல அடிச்ச எத்தனையோ கோயில் வரலாறு, ஊர்க்கதை ஃபைல்கள் இருக்கு. இன்னைக்கு அந்த ஃபான்ட் இல்லாம திறந்தா ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியும் கலந்த குப்பை மாதிரி தெரியும். யூனிகோட்ல 1991லயே தமிழ் இருந்தும், நாம பரவலா மாறுறதுக்குப் பல வருஷம் ஆச்சு. புள்ளி வைக்காத ஓலையும் ஃபான்ட் தொலைஞ்ச ஃபைலும் ஒரே ஜாதி. படிக்கத் தெரிஞ்ச ஆளோ கன்வெர்ட்டரோ இருக்கிற வரைக்கும்தான் உயிர். 1998ல தொடங்கின மதுரைத் திட்டம் முதல்ல பழைய குறியாக்கத்துல போட்ட இலக்கியங்களை யூனிகோடுக்கு மாத்திக்கிட்டது. அதனால இன்னைக்கும் உங்க போன்ல திறக்குது. அதுவும் படி எடுக்கிற வேலைதான்.

2009ல யாஹூ தன்னோட ஜியோசிட்டீஸை மூடினப்போ லட்சக்கணக்கான மக்கள் கட்டின பக்கங்கள் போச்சு. தன்னார்வலர்கள் ராத்திரி பகலா காப்பி எடுத்து வச்சதுதான் மிச்சம். ஒரு கம்பெனி மட்டும் சாவி வச்சிருக்கிற இடமும் சிதம்பரத்து அறைதான்.

பூச்சியைவிடப் பெரிய பசி மனுஷனுக்கு உண்டுங்கிறதையும் சொல்லாம விடமுடியாது. 1981 ஜூன் 1 ராத்திரிக்குள்ள யாழ்ப்பாணம் பொது நூலகம் எரிக்கப்பட்டது. சுமார் 97,000 நூல்கள், ஓலைச்சுவடிகளோட சேர்த்து. அது மறதியால நடந்தது இல்ல, மறக்கடிக்க நடந்தது. 2005ல ஆரம்பிச்ச 'நூலகம்' திட்டம் ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் ஸ்கேன் பண்ணி எல்லாருக்கும் இலவசமா திறந்து வச்சிருக்கு. இனிமே ஒரு கட்டடத்தை எரிச்சா மட்டும் போதாது.

எங்க ஊர்ப் பாரதிக்கும் இப்படித்தான் விடுதலை கிடைச்சது. 1949ல அன்றைய சென்னை மாகாண அரசு அவரோட எழுத்துகளின் உரிமையை வாங்கி, பிறகு மக்களுக்கே விட்டுருச்சு. யார் வேணா அச்சடிக்கலாம், யார் வேணா பாடலாம். பாரதி பாட்டைத் தின்னு தீர்க்கிறதுக்கு எந்தப் பூதத்துக்கும் இனி வயிறு பத்தாது.

நீங்க செய்யவேண்டியது

பேக்கப் எடுக்கிறவங்க 3-2-1ன்னு ஒரு விதி சொல்வாங்க. மூணு பிரதி, ரெண்டு வேற வேற ஊடகம், அதுல ஒண்ணு வேற இடத்துல. தேவாரத்துக்கு ஓலை, கல், தொண்டைன்னு மூணும் இருந்தது. உங்க வீட்டுல ஒரு தாலாட்டு, ஒரு குழம்போட பக்குவம், குலசாமி கதை, தாத்தா ரங்கூன்ல இருந்து நடந்து வந்த கதை, ஏதாவது ஒண்ணு கண்டிப்பா ஒரே ஒருத்தர் தலைக்குள்ள மட்டும் இருக்கும். அது யாருன்னு இப்பவே உங்களுக்குத் தெரியும்.

முதல்ல அதைப் பதிவு பண்ணுங்க. போன் போதும், ஃபேனை மட்டும் நிறுத்திடுங்க. அடுத்து, கேட்டு யூனிகோட் தமிழ்ல எழுதுங்க. பேசினது யாரு, எந்த ஊர், எந்த வருஷம்னு மேல ஒரு வரி போடுங்க. அந்த ஒரு வரி இல்லாத ஆடியோ, புள்ளி இல்லாத ஓலை மாதிரி. சொன்னவங்களோட சம்மதத்தோட, வேற ஊர்ல இருக்கிற சொந்தக்காரங்க ரெண்டு பேருக்கு அனுப்புங்க. கடைசியா, கஷ்டமானது ஒண்ணு: அதை நீங்களே ஒருதடவை அவங்க முன்னாடி சொல்லிக் காட்டுங்க, பாடிக் காட்டுங்க. அவங்க திருத்தட்டும். குரல் நல்லா இல்லைன்னு கூச்சப்பட்டா கரையானுக்குத்தான் லாபம்.

ஆச்சிகிட்ட இருந்து இதுவரைக்கும் 11 பாட்டு வாங்கியிருக்கேன். ரெண்டுதான் எனக்குப் பார்க்காம பாட வருது. மிச்சத்தை இந்த மாசம் ஊருக்குப் போகும்போது பழகணும். நீங்க பதிவு பண்ணினது எதுன்னு எனக்கு எழுதுங்க. அடுத்த எபிசோடுல சந்திப்போம். வரட்டுமா?